நாள் மீட்புச் சங்கத்தில் நான் கிராணியாக இருந்தபோது

தொலைந்த பொருளைத் தேடுகிறவனுக்கு அது எப்படி இருக்கும் என்றாவது தெரியும். தொலைந்த நாளைத் தேடுகிற வேலையில் அந்த வசதியும் கிடையாது. படிவம் நிரப்பியே விரல் தேய்ந்த உங்களுக்கு என் பாடு புரியும் என்று நம்பி எழுதுகிறேன்.

ஜப்பான்காரன் போன பிறகு, காட்டுக்குள் இருந்த கம்யூனிஸ்டுகளோடு வெள்ளைக்காரன் சண்டை போட்ட அவசரகாலத்தில், மலாயாவின் மலாக்காவில் ஒரு தையல்கடையின் மேல்மாடியில் எங்கள் சங்கம் இருந்தது; அதில் எழுத்து வேலை பார்த்த கிராணி நான். ஜப்பான்காரன் காலத்தில் ரப்பர் தோட்டத்துப் பதிவேடுகள் பல எரிந்துபோயின. சயாமில் ரயில்பாதை போடப் பிடித்துக்கொண்டு போகப்பட்டவர்களில் எத்தனையோ பேர் திரும்பவில்லை. பிறந்த நாளுக்கும் சான்று இல்லை, இறந்த நாளுக்கும் இல்லை. விசாரித்து, சாட்சி பிடித்து, நாளைக் கண்டுபிடித்து எழுதிக் கொடுப்பது எங்கள் வேலை. சங்கத்தை நடத்திய நல்லதம்பி ஐயா யாழ்ப்பாணத்தவர், ஓய்வுபெற்ற ஸ்டேஷன் மாஸ்டர்.

ஒரே நாளில் பிறந்தவர்கள்

டுரியான் துங்கால் பக்கத்துத் தோட்டமொன்றில், அடையாளக் கார்டுக்கு விவரம் எழுதியவர் அவசரக்காரர். நாள் தெரியாத அத்தனை பேருக்கும் ஜனவரி ஒன்று என்று போட்டுவிட்டார். திருத்த வழி கேட்டு வந்தார், ரப்பர்ப் பால் எடுக்கப் பால்மரம் வெட்டும் முனியம்மா அக்கா. தான் பிறந்தபோது மழை பெய்தது என்பது மட்டும்தான் அவருக்குத் தெரியும். சொல்ல வேண்டிய அம்மாவும் போய்ச் சேர்ந்துவிட்டார். இந்த ஊரில் எந்த மாதம்தான் மழை இல்லை? நான் பேனாவை மூடியதும் அக்காவே எழுந்துகொண்டார்.

"வுடுங்க தம்பி, அதே நாளு இருக்கட்டும்லா. கூட்டத்தோட பொறந்த மாரி இருக்கும்."

செல்லம்மாவுக்குக் கிடைத்த நாள்

புக்கிட் பெருவாங் பக்கமிருந்து வந்த செல்லம்மாவின் புருஷன் சயாமுக்குப் போனவர். மகளுக்குக் கல்யாணம் நெருங்கியது. "உசுரோட இருக்கவருக்குத் திதி குடுக்குற பாவமும் வேணாம், செத்தவரு தாலியோட மணவறையில நிக்கிற பாவமும் வேணாம்" என்று அழுதார். தேடியதில், புருஷனோடு ஒரே முகாமில் இருந்து பிழைத்து வந்த கருப்பையா என்பவர் சிம்பாங் அம்பாட்டில் இருப்பது தெரிந்தது. நானும் செல்லம்மாவும் பஸ்ஸில் போனோம். காட்டுக்குள் இருப்பவர்களுக்குச் சாப்பாடு போய்விடும் என்று வழியில் எல்லார் பையையும் சோதித்தார்கள். கருப்பையாவுக்காகச் செல்லம்மா சுட்டுக் கொண்டுவந்த முறுக்கு சோதனைச் சாவடியிலேயே நின்றுவிட்டது. வெறுங்கையோடுதான் கருப்பையா முன்னால் செல்லம்மா உட்கார்ந்தார்.

கருப்பையா குனிந்தபடியே சொன்னார்: "ஆடி அமாவாசைக்கு மறுநா. காலையில. கஷ்டப்படலம்மா. கடைசியா 'செல்லம்மா'ன்னு ஒங்க பேரச் சொன்னாரு." செல்லம்மா நிமிர்ந்து அவரையே பார்த்துக்கொண்டிருந்தார். அழவில்லை. நாளை நான் எழுதிக் கொடுத்த துண்டுத்தாளை முந்தானையில் முடிந்துகொண்டு வெளியே போனார். கைநாட்டு வாங்க நான் நின்றபோது கருப்பையா என் கையைப் பிடித்துக்கொண்டார். காய்ச்சலில் கிடந்த செல்லம்மாவின் புருஷனை விட்டுவிட்டு வேறு முகாமுக்கு ஓட்டிப்போகப்பட்டவர் அவர். பிறகு சாவுச் செய்தி மட்டும்தான் வந்ததாம். நாளும் தெரியாது, கடைசிப் பேச்சும் தெரியாது. அந்த அம்மாவின் முகத்தைப் பார்த்ததும் வாயில் வந்ததைச் சொல்லிவிட்டாராம்.

திரும்பி வந்து நல்லதம்பி ஐயாவிடம் எல்லாவற்றையும் சொன்னேன். பொய்ச்சாட்சி என்று கோபிப்பார் என நினைத்தேன். அவர் கண்ணாடியைக் கழற்றி வெகுநேரம் துடைத்தார்.

"செத்தது மெய்தானே தம்பி. அந்த மனிசிக்கு அழுறதுக்கு ஒரு நாள் வேணும். எழுதும்."

அடுத்த ஆடி

அடுத்த வருஷம் திதி முடித்து, வடையோடு வந்தார் செல்லம்மா. கழுத்து வெறுமையாக இருந்தது. மகள் நன்றாக இருக்கிறாளாம். உண்மையைச் சொல்லிவிடலாமா என்று வாயெடுத்தேன். அவர் முந்திக்கொண்டார்.

"எனக்கு அன்னைக்கே தெரியும் தம்பி. அவரு என்னை 'இந்தா புள்ள'ன்னுதான் கூப்புடுவாரு, ஒரு நாளும் பேரச் சொன்னதில்ல. அந்தப் பொய்யிலயாவது கூப்புட்டாரே, போதும்."

யாரும் பார்க்காத நடை

காட்டுக்காரர்களுக்கு அரிசி கொடுத்தான் என்ற சந்தேகத்தில் மாணிக்கத்தை ரெண்டு வருஷம் தடுப்பு முகாமில் அடைத்து வைத்திருந்தார்கள். விடுதலையாகி வந்தபோது மனைவி இல்லை, பிரசவத்தோடு போய்விட்டாள். அடுத்த வீட்டு அஞ்சலை வளர்த்த மகன் இவனை "மாமா" என்றான். "எம்புள்ள மொதல்ல என்னைக்கு நடந்தான்? அத மட்டும் கண்டுபுடிச்சுக் குடுங்க" என்று வந்து நின்றான். அஞ்சலையிடம் கேட்க அவனுக்கு நாக்கு எழவில்லையாம். இது எங்கள் படிவத்தில் இல்லாத நாள். இருந்தாலும் போய் விசாரித்தேன்.

காட்டுக்காரர்களுக்கு உதவி போகாமலிருக்க, தூரத்துத் தோட்ட வரிசைவீடுகளான லயங்களில் இருந்தவர்களை எல்லாம் லோரியில் ஏற்றி, முள்கம்பி வேலிக்குள் குடிவைத்த நாள் அது. சட்டி பானை ஏற்றுகிற அழுகையிலும் அவசரத்திலும் பிள்ளையைக் கீழே விட்டிருக்கிறார்கள். திரும்பிப் பார்த்தால் லோரியின் சக்கரத்தைப் பிடித்தபடி நிற்கிறான். எப்படி நடந்து போனான் என்று அஞ்சலையும் பார்க்கவில்லை, ஒருவரும் பார்க்கவில்லை. இதை மாணிக்கத்திடம் எப்படிச் சொல்வது என்று தயங்கித் தயங்கித்தான் சொன்னேன். அவன் வேட்டி நுனியால் முகத்தைத் துடைத்துக்கொண்டான்.

"அப்ப நான் மட்டும் பாக்காம போகல. எழுதிக் குடுங்க தம்பி, அவன் பெரியவனானா காட்டணும்."

ஊராரின் நாள்களை எல்லாம் இப்படித் தேடிக் கொடுத்த நான், அந்த மேல்மாடியில் எத்தனை வருஷம் வேலை பார்த்தேன் என்று யாராவது கேட்டால், இன்றைக்கும் விரல்விட்டு எண்ணித் தப்பாகத்தான் சொல்கிறேன்.