அப்பாவுக்கு ஒரு கோட்

மலேசியாவில் எங்கள் ஊரான சுங்கைப் பட்டாணியில் எங்கள் ஆட்களில் யார் செத்தாலும் கோட் போட்டுக்கொண்டுதான் போவார்கள். உயிரோடு இருந்தபோது சட்டைக்குப் பொத்தான் போடாதவருக்குக்கூட அஞ்சலிப் பேனரில் கறுப்பு கோட்டும் நீல டையும் உண்டு. அடையாள அட்டைப் படத்திலிருந்து தலையை வெட்டி, கணினியில் தயாராக இருக்கும் ஓர் உடம்பில் ஒட்டிவிடுவார்கள். மேலே சிலுவையோ ஓமோ, கீழே எல்லாருக்கும் அதே உடம்பு.

தொழிற்சாலை அலுவலக வேலையை விட்டு டிசைன் கடை திறந்தபோது, அந்த உடம்பைத் தொடவே மாட்டேன் என்று முடிவெடுத்தேன். செத்தவரை அவராகவே காட்டுவேன் என்றேன். வந்தவர்கள் கேட்டுவிட்டு அடுத்த கடைக்குப் போனார்கள். எனக்கும் வாய் சும்மா இருக்காது. "அப்ப உங்க அப்பாவ இல்ல, கோட்டத்தான் பொதைக்கப் போறீங்களா?" என்று ஒருவரிடம் கேட்டே விட்டேன். திமிர் பிடித்தவள் என்று ஊரில் பெயராகிவிட்டது.

நான் வேலையை விட்டது அப்பாவுக்குப் பொறுக்கவில்லை. புக்கிட் செலம்பா தோட்டத்தில், எண்ணெய் எடுக்கும் செம்பனைக் குலை வெட்டியவர். "ஏர்கோன்ல ஒக்காந்து வேல செய்யத்தானே ஒன்ன படிக்க வச்சேன்? படம் போட்டுச் சோறு திங்கப் போறியா?" என்றார். பிறகு பேச்சே இல்லை, கடைப்பக்கம் எட்டிக்கூடப் பார்க்கவில்லை. நல்லதாக ஒன்று செய்து அவருக்குக் காட்டிவிட வேண்டும் என்று எனக்கு வெறி. அவர் காத்திருக்கவில்லை. ஒருநாள் காலையில் மரத்தடியில் மயங்கி விழுந்தவரை ஆஸ்பத்திரிக்குக் கொண்டுபோவதற்குள் முடிந்துவிட்டது.

அழுதுகொண்டே அவருடைய பேனரைச் செய்தேன். என்னிடம் ஒரு படம் இருந்தது. பழுப்பேறிய சட்டை, மண் ஒட்டிய முகம், குலை வெட்டும் அரிவாள் கம்பத்தைச் சுமந்து சுமந்து இறங்கிப்போன வலது தோள், முன்பல் இல்லாத சிரிப்பு. அதுவரை நான் செய்ததிலேயே அதுதான் சிறந்தது, இன்றும் அப்படித்தான் சொல்வேன்.

வாசலில் கட்டியதுமே சித்தப்பா கொதித்துவிட்டார். "ஊரே வருது. எங்கண்ணன பிச்சக்காரன் மாதிரி போட்டு வச்சிருக்கியே. அவுத்துடு!"

"அதுதான் அப்பா" என்றேன். நான் விடுவதாக இல்லை. அம்மா ஒரு வார்த்தை சொன்னால் போதும் என்று அவளைப் பார்த்தேன்.

அம்மா பேனரை வெகுநேரம் பார்த்தாள். "அவரேதான்" என்றாள். எனக்குப் போன உயிர் வந்தது. "ஆனா ஒன் பட்டமளிப்புக்கு லீவு கெடைக்கலன்னாரே, அது பொய். போட கோட்டு இல்லன்னு என்கிட்ட மட்டும் சொன்னாரு. இப்பவாச்சும் போட்டு விடு பாப்பா."

நேராகக் கடைக்குப் போனேன். முதல்முறையாக அந்தத் தயார் உடம்பைத் திறந்து அப்பாவின் தலையை வைத்துப் பார்த்தேன். யாரோ போல இருந்தார். அதை மூடிவிட்டு, அந்தச் சிரிப்புக்குக் கீழே, அவர் தோளுக்கே அளவெடுத்த மாதிரி ஒரு கோட்டை நானே வரைய ஆரம்பித்தேன். மதியம் எடுக்கிறார்கள், அதற்குள் முடியுமா என்று தெரியாது.

எடுப்பதற்குச் சற்று முன்னால்தான் புதுப் பேனரைக் கட்டினோம். சித்தப்பா தலையைச் சாய்த்துப் பார்த்தார்.

"கோட்டு சரி. தோளு ஏன் கோணலா இருக்கு? நிமித்தி இருக்கலாம்லா."

அம்மா எட்டி, பேனரில் அந்தத் தோளைத் தடவினாள். "அங்கதான் தம்பி அவருக்கு வலிக்கும்."