விடாக்கண்டியின் ஒரு நிமிடம்

படமெடுக்கிறவர்கள் வட்டாரத்தில் அவளுக்கு விடாக்கண்டி என்று பெயர். ஒரு மந்திரியின் பேட்டிக்காக அவர் வீட்டு வாசலில் பதினோரு நாள், பாய் போடாத குறையாகக் கிடந்தவள். துப்பாக்கிச் சூடு, கலவரம், வேலைநிறுத்தம் என்று நாட்டில் ரத்தம் சிந்திய இடத்தையெல்லாம் தேடிப் போய் ஐந்து ஆவணப் படங்கள் எடுத்தாள். சமூக அக்கறை என்று ஊர் மெச்சியது. அக்கறையாவது மண்ணாங்கட்டியாவது! அவளுக்கு ஒரே ஒரு ஆள் கையில் கிடைக்க வேண்டும், அவ்வளவுதான்.

அவளுக்குப் பன்னிரண்டு வயதில், தொழிற்சாலை வாசலில் கூலி உயர்வு கேட்டு நின்ற கூட்டத்தைப் போலீஸ் சுட்டது. அண்ணன் செத்தான். மறைந்திருந்து கல்லெறிந்தான், தற்காப்புக்குச் சுட்டோம் என்றது அறிக்கை. அதில் கையெழுத்துப் போட்ட அதிகாரிக்குப் பதவி உயர்வு. கலகக்காரனைப் பெற்றவர் என்று அப்பாவுக்கு வேலை போயிற்று. அன்றைக்கே அவள் மனதுக்குள் கறுவிக்கொண்டாள்.

கல்யாண வீடியோ எடுத்துத்தான் கேமரா பழகினாள். மாப்பிள்ளை வீட்டாரின் நிஜ முகம், 'போதும், முடிந்தது' என்று சொன்ன பிறகுதான் வெளியே வரும் என்பதை அங்கே கற்றுக்கொண்டாள்.

முப்பத்தொரு வருடம் கழித்து அந்த அதிகாரி அகப்பட்டார். ஓய்வு பெற்று, முழங்கால் வலியும் சுயபுராணமுமாகப் பொழுதை ஓட்டிக்கொண்டிருந்தார். "உங்க சேவையப் பத்தி நாலு பேருக்குத் தெரிய வேணாமா, சார்?" என்று குழைந்தாள். மனிதர் உச்சி குளிர்ந்து சம்மதக் கடிதத்தில் கையெழுத்துப் போட்டார். இரண்டு மணி நேரம் அளந்தார். தொழிற்சாலை விஷயம் வந்ததும் சிரித்தார்.

"நான் அன்னிக்கு ஊர்லயே இல்லம்மா. எழுதிக் கொண்டுவந்து நீட்டினாங்க, கையெழுத்துப் போட்டேன்."

அவள் தலையாட்டிக் கேட்டுக்கொண்டாள். கோபத்தை முகத்தில் காட்டவில்லை.

"முடிஞ்சுது, சார். கடைசியா ஒரு நிமிஷம் யாரும் பேசாம இருக்கணும். இந்த அறையோட சத்தத்த மட்டும் தனியா பதிவு பண்ணிக்கணும்."

இது எல்லாப் பேட்டியிலும் உள்ள வழக்கம்தான். வெட்டிய இடங்களை ஒட்டுவதற்கு ஃபேன் சத்தமும் கடிகாரச் சத்தமும் வேண்டும். கேமராவும் கூடவே ஓடும். டீ கொண்டுவந்த அவர் மனைவியையும் அசையாமல் உட்காரச் சொன்னாள்.

எல்லோரும் அடங்கியதும், பையிலிருந்து அண்ணனின் போட்டோவை எடுத்து அவர் முன்னால் வைத்தாள். வாயைத் திறக்கவில்லை. அவர் மேல் வைத்த கண்ணையும் எடுக்கவில்லை. கேள்வி கேட்டால் பொய் சொல்லத் தெரிந்த ஆளுக்கு, கேட்காமல் பார்த்துக்கொண்டிருந்தால் என்ன செய்வதென்று தெரியவில்லை. நெளிந்தார். தொண்டையைச் செருமினார்.

"கையத் தூக்கிட்டுத்தான் வந்தான்," என்றார் திடீரென்று. "யாரு இல்லேன்னாங்க? ஒருத்தன் விழுந்தாத்தான் மத்தவன் ஓடுவான். சுடுன்னு சொன்னேன்."

அவளுக்கு இனித்தது. ஆமாம், இனித்தது, இதில் வெட்கப்பட என்ன இருக்கிறது?

மனைவி டம்ளரைக் கீழே வைத்தாள். "ஊர்ல இல்லன்னுதானே இத்தன வருஷமா என்கிட்டயும் சொன்னீங்க? கையத் தூக்கின பிள்ளையவா சுடச் சொன்னீங்க?"

அவர் மனைவியைப் பார்க்காமல் கேமராவைப் பார்த்தார். "அத நிறுத்து. யாரு நீ?"

"இவரோட தங்கச்சி," என்று போட்டோவைக் காட்டினாள். "உங்க வீட்டம்மா கேக்கறாங்க, சார். பதில் சொல்லுங்க."