நான் கொடுத்த முதல் பாதி

நான் புத்தகங்களை வெட்டிப் படிக்கிறவன். முதுகின் நடுவில் கத்தியை வைத்து ஒரே இழுப்பில் இரண்டாக்கிவிடுவேன். பார்க்கிறவர்கள் முகம் சுளிப்பார்கள். ஆனால் என்னிடம் இருந்தது ஒரே ஒரு துணிப்பை. அதில் இரண்டு சட்டை, ஒரு கைலி, ஒரு துண்டு. லாரியில் மூட்டை இறக்குவது, சாப்பாட்டுக் கடையில் மங்கு கழுவுவது, ஃபேக்டரி என்று மாறிக்கொண்டே இருந்தவனுக்கு நானூறு பக்கப் புத்தகம் ஒரு சுமை. வெட்டினால் கால்சட்டைப் பையில் நிற்கும். முதல் பாதியைப் படித்ததும் யாரிடமாவது தள்ளிவிட்டு அடுத்த பாதியை எடுப்பேன். பெரும்பாலும் அடுத்த பாதியை எடுக்கவே மாட்டேன்.

டவுனில் சந்தையின் மாடியில் பழைய புத்தகக் கடைகள் இருக்கின்றன. தமிழ்ப் புத்தகங்கள் ஒரு மூலையில், அட்டைப்பெட்டிக்குள். சமையல், ஜோதிடம், பள்ளிப் பயிற்சிநூல், எல்லாவற்றுக்கும் அடியில் நான் தேடுவது கிடக்கும். நான் யார், உயிர் எங்கே போகிறது, உலகம் மறைத்து வைத்திருக்கும் உண்மை என்ன என்கிற மாதிரிப் புத்தகங்கள். ஏன் அவற்றை வாங்கினேன் என்று கேட்டால் ஒழுங்கான பதில் இல்லை. எந்த இடத்திலும் ஆறு மாதம் தாண்டாதவனுக்கு, எல்லாவற்றுக்கும் ஒரு காரணம் இருக்கிறது என்று யாரோ எழுதியிருந்ததே போதும்.

பதினைந்து வயதில், மூன்றாம் படிவத்தோடு பள்ளியை விட்டவன் நான். எழுத்துக் கூட்டித்தான் படிப்பேன். புரியாத சொல் வந்தால் அதன் கீழே பென்சிலால் கோடு போடுவேன், பிறகு யாரிடமாவது கேட்டுக்கொள்ளலாம் என்று. யாரிடமும் கேட்டதில்லை. சில பக்கங்களில் கோடு போடாத வரியே இருக்காது.

ஆயர் ஈத்தாமில் காய்கறி லாரியில் வேலை செய்தபோது, அடுக்குமாடி வீடுகளின் கீழே ஓர் அக்காவிடம் காலையில் சாப்பிடுவேன். இடியாப்பமும் தோசையும் விற்றார். கணவர் இறந்து மூன்று வருடம் ஆகியிருந்தது. ஒரே மகள், செபராங் ஜெயாவில் ஆபீஸ் வேலை. அக்காவுக்கு இனிப்புநீர், சர்க்கரை வியாதி. காலையில் மாத்திரை, சாயங்காலம் தனக்குத் தானே ஊசி. மாத்திரை டப்பா சட்னி வாளிக்குப் பக்கத்திலேயே இருக்கும்.

ஒருநாள் என் பையில் துருத்திக்கொண்டிருந்ததைக் கரண்டியால் காட்டினார்.

"என்னடா அது, எலி தின்ன மிச்சமா?"

"புத்தகம்க்கா. வெட்டி வச்சிருக்கேன்."

"கோழிய வெட்டுவாங்க, பாத்திருக்கேன். என்ன சொல்றான் அதுல?"

"ஒடம்பே நெஜம் இல்லயாம்க்கா. நோய்னு நம்பறதுனாலதான் நோய் வருதாம்."

"அப்ப இந்தக் கல்லுல கைய வையி. பொய்தானே, சுடாது லா."

வரிசையில் நின்றவர்கள் சிரித்தார்கள். நானும் சிரித்தேன். ஆனால் மறுநாள் கூட்டம் குறைந்ததும் அக்கா என் எதிரில் வந்து உட்கார்ந்தார். அப்படி உட்கார்ந்து நான் பார்த்ததில்லை.

"அவரு போனப்பறம் காலைல எந்திரிச்சா எதுக்குன்னே தெரியல, தம்பி. மாவு அரைக்கிறேன், விக்கிறேன், மாத்திர போடறேன், படுக்கிறேன். இவ்ளோதானா? அதுல ஏதாச்சும் சொல்லியிருக்கானா?"

இருக்கிறது என்றேன். முதல் பாதியைக் கொடுத்தேன். அட்டை இல்லாமல் வாங்கியது. எழுதியவர் ஒரு சாமியாரிடம் பல வருடம் இருந்தவர். உடம்பை மறந்தால் உள்ளே இருப்பது தெரியும், மருந்தை விட்டவனுக்கு வாசல் திறக்கும் என்று அந்தச் சாமியார் சொன்னதையெல்லாம் அழகாக எழுதியிருந்தார். அதில் பாதி எனக்குப் புரியவில்லை. அதனால் நிறையக் கோடு.

அடுத்த வாரம் கடலுக்கு அக்கரையில் சிம்பாங் அம்பாட்டில் ஃபேக்டரி வேலை கிடைத்துப் போய்விட்டேன். ஓர் அறையில் எட்டுப் பேர். இரண்டாம் மாதம் மெஷினில் இடது சுண்டு விரலின் நுனி போனது. கட்டுப் போட்டு ஒரு வாரம் படுத்தேன், பிறகு வேலைக்குப் போனேன். ஐந்து மாதம் கழித்து மறுபடி லாரிக்கே திரும்பினேன்.

அக்காவின் இடத்தில் ஒருவர் கைப்பேசி உறை விற்றுக்கொண்டிருந்தார். பக்கத்துப் பழக்கடைக்காரரிடம் கேட்டேன்.

"அக்காவா? ஹோஸ்பிட்டல்ல. கால எடுத்துட்டாங்க."

"எந்தக் காலுண்ணே?" என்று கேட்டேன். எந்தக் கால் என்பதில் ஏதோ இருப்பது போல. அவர் என்னை விநோதமாகப் பார்த்துவிட்டு, இடது கால் என்றார்.

மத்தியானம் பார்வையாளர் நேரத்தில் போனேன். வார்டு வாசலில் ஆபீஸ் உடுப்போடு ஒரு பெண் நின்றிருந்தாள். என் கையில் இருந்த பாதிப் புத்தகத்தைப் பார்த்தாள். அது வேறு ஏதோ புத்தகம்.

"நீங்கதான் அந்தப் புத்தக அண்ணனா?"

ஆமாம் என்றேன்.

"எங்கம்மா நாலு மாசமா மாத்திரை போடல, ஊசி போடல. எனக்குத் தெரியாது. காலியான டப்பாவுல சீரக மிட்டாய் போட்டு வச்சிருந்தாங்க, நான் பாத்தா சாப்பிடறதுக்கு. எத்தன பேரோட கால எடுக்கறதா உத்தேசம் உங்களுக்கு?"

அவள் அழவில்லை, கத்தவில்லை. அதுதான் இன்னும் மோசமாக இருந்தது.

கட்டிலில் அக்கா உட்கார்ந்திருந்தார். வலது பக்கம் போர்வை மேடாக இருந்தது. இடது பக்கம் முழங்காலுக்குக் கீழே தட்டையாகப் படுக்கையோடு ஒட்டிக் கிடந்தது. அந்தத் தட்டையையே பார்த்துக்கொண்டு நின்றேன். விரல் போனபோதுகூட எனக்கு இப்படிக் காது அடைக்கவில்லை.

"வந்துட்டியா தம்பி?" முகத்தில் சந்தோஷம். "ஒக்காரு. ஒன்னத்தான் எதிர்பாத்துக்கிட்டு இருந்தேன்."

சிலிப்பர் கடித்து ஒரு கொப்புளம் வந்ததாம். வலிக்கவே இல்லை. பெரிதாகிக் கறுத்தபோதும் வலிக்கவில்லை. "பாத்தியா, அவன் சொன்ன மாதிரியே. ஒடம்பு இருக்கு, வலி இல்ல. வாசல் தெறக்குதுன்னு நெனச்சேன்."

இனிப்புநீர் முற்றினால் காலில் உணர்ச்சி போய்விடும். அது எனக்கே தெரியும். கிளினிக் சுவரில் படம் போட்டு ஒட்டியிருப்பார்கள். அக்காவும் வருடக்கணக்காக அந்தப் படத்துக்கு எதிரில் உட்கார்ந்திருந்தவர்.

"நீ கோடு போட்ட எடத்தயெல்லாம் ரெண்டு ரெண்டு தரம் படிச்சேன். எவ்ளோ அனுபவிச்சுப் படிச்சிருக்கான்னு நெனச்சுக்குவேன்."

புரியாமல் போட்ட கோடுகள் அவை. மருந்தை விடுவது பற்றிய பக்கத்தில் எத்தனை கோடு போட்டேன் என்று யோசித்துப் பார்க்கவே பயமாக இருந்தது.

"நான் பாதிலயே சந்தேகப்பட்டுட்டேன் தம்பி. அதான் காலு போச்சு. மிச்சப் பாதியில, எப்படி முழுசா விடறதுன்னு சொல்லியிருப்பான். அதக் கொண்டா. அது வர்ற வரைக்கும் இவங்கள ஊசி போட விடப் போறதில்ல."

வெளியே வந்ததும் மகள் பின்னாலேயே வந்தாள். வலது காலிலும் புண் ஆரம்பித்துவிட்டதாம். ஊசி போடாவிட்டால் அதுவும் போகும், உயிரும் போகலாம் என்று டாக்டர் சொன்னாராம். தினமும் தாதியர்கள் கெஞ்சுகிறார்கள், அம்மா கையைப் போர்வைக்குள் இழுத்துக்கொள்கிறார்.

"அண்ணே, தயவு செஞ்சு அந்த இன்னொரு பாதியக் கொண்டு வராதீங்க. தொலஞ்சி போச்சுன்னு சொல்லுங்க."

சரி என்றேன். ஆனால் அந்த மறுபாதியில் என்ன இருக்கிறது என்று தெரியாமல் என்னால் இருக்க முடியவில்லை. மறுநாள் விடிந்ததும் ஃபெரி ஏறி, அக்கரையில் பஸ் பிடித்து, அதை நான் விட்டுவந்த சிம்பாங் அம்பாட் விடுதிக்குப் போனேன். விடுதியைப் பார்த்துக்கொள்கிற அண்ணன் வாசலில் பல் குத்திக்கொண்டிருந்தார்.

"புத்தகமா? ஓ, அந்தக் கட்டயா. உள்ள போய்ப் பாரு, நல்ல வேலயில இருக்கு."

சோறு ஆக்கும் மேசையின் ஆடுகிற காலுக்கு அடியில் இருந்தது. நான் உருவியதும் மேசை சாய்ந்து சட்டி உருண்டது.

"இருநூறு பக்கம் லா, சரியான ஒயரம்! இப்ப நான் எத வைக்கிறது? நீயே வந்து நில்லு!"

திரும்பி வரும் வழியில் படிக்க ஆரம்பித்தேன். முதல் பக்கத்திலேயே எழுதியவரின் தம்பி செத்துப்போகிறார். நெஞ்சு நோய்க்காரர். அண்ணன் பேச்சைக் கேட்டு மருந்தை விட்டவர். மூச்சு நின்றபோது எழுதியவர் தியானத்தில் இருந்தாராம், கதவைத் தட்டியும் திறக்கவில்லையாம். அதற்குப் பிறகு சாமியாரை விட்டு வெளியே வந்திருக்கிறார். முதல் பாதியில் எழுதியதெல்லாம் தான் எப்படி ஏமாந்தேன் என்று காட்டத்தான் என்று எழுதியிருந்தார். இதில் பாதியைப் படித்துவிட்டு யாரும் புத்தகத்தை மூடிவிட வேண்டாம் என்று ஒரு தனி வரி. அதை மூன்று முறை எழுத்துக் கூட்டினேன். தவறாகப் படிக்கிறேனோ என்று சந்தேகம்.

எனக்குத் தெரிந்தவரை நான் யாரையும் அடித்ததில்லை, திருடியதில்லை. ஃபெரி கரை சேர்ந்து எல்லோரும் இறங்கிய பிறகும் உட்கார்ந்திருந்தேன். வேலைக்காரப் பையன் ஒருவன் வந்து தோளைத் தொட்டு, வந்துவிட்டது அண்ணே என்று மலாயில் சொன்னான்.

ஹோஸ்பிட்டல் வரைக்கும் நடந்தே போனேன். நடக்கும்போது ஒரு யோசனை வந்தது. அக்கா புத்தகம் சொன்னால்தான் கேட்பார். உள்ளதைச் சொன்னால் கால் வீணாகப் போனது தெரிந்துவிடும். வேறு மாதிரிச் சொன்னால் என்ன? சோதனை முடிந்துவிட்டது, இனி மருந்தை ஏற்றுக்கொள்வதே அடுத்த படி என்று போட்டிருப்பதாகச் சொன்னால் ஊசி போட்டுக்கொள்வார். போன கால் ஏதோ ஒன்றுக்காகப் போனதாகவே இருக்கும். அக்காவின் கண்ணாடி வீட்டில் இருப்பதாக மகள் சொல்லியிருந்தாள், அவரே வாங்கிப் படித்துப் பார்க்கவும் முடியாது.

மகள் கட்டில் ஓரத்தில் இருந்தாள். என் கையில் இருந்ததைப் பார்த்ததும் எழுந்துவிட்டாள். கண்ணால் பொறு என்றேன்.

"கெடச்சிருச்சா? படி, படி," என்றார் அக்கா.

புத்தகத்தைத் திறந்து வைத்துக்கொண்டு, வழியில் யோசித்ததைச் சொல்ல ஆரம்பித்தேன். மருந்தும் அருள்தான், கொடுக்கிற கையும் அவன் கைதான் என்று நன்றாகவே வந்தது. மகள்கூட மெதுவாக உட்கார்ந்தாள்.

"நிறுத்துடா," என்றார் அக்கா.

நிறுத்தினேன்.

"நீ படிச்சா திக்குவ. எங்கடையில ஒக்காந்து ஒரு வரியப் பத்துத் தரம் முட்டி மோதுவ. இப்ப தண்ணி மாதிரி ஓடுது. ஒன் வாயிலேர்ந்து வர்றத எங்கிட்ட விக்காத. அதுல இருக்கறதப் படி."

மகளைப் பார்த்தேன். அவள் தலையைக் குனிந்துகொண்டாள்.

படித்தேன். எழுத்துக் கூட்டி, திக்கி, தம்பி சாகிற பக்கத்திலிருந்து. மூச்சு நின்ற இடம், தட்டிய கதவு, ஏமாந்த கதை, அந்தத் தனி வரி. அக்கா கூரையைப் பார்த்துக்கொண்டிருந்தார். பத்துப் பக்கம் தாண்டியதும் கையைத் தூக்கினார்.

"வெட்டறதுக்கு முன்னாடி நீ இதப் படிக்கல?"

"இல்லக்கா."

"கோடு?"

"புரியாத எடத்துல போட்டதுக்கா."

அவர் முகம் எப்படி ஆனது என்று எழுத எனக்குத் தெரியவில்லை. அறைந்தால் நன்றாக இருக்கும் என்று காத்திருந்தேன். அவர் போர்வையின் தட்டையான பக்கத்தை உள்ளங்கையால் ஒருமுறை தடவினார். உண்மையாகவே இல்லையா என்று அப்போதுதான் பார்ப்பவர் போல. பிறகு போர்வைக்குள்ளிருந்து மறு கையை எடுத்து வெளியே நீட்டினார்.

"மிஸ்ஸியக் கூப்பிடு," என்றார் மகளிடம்.

தாதி வந்தாள். ஊசி போட்டாள். அக்கா அந்த இடத்தைப் பஞ்சால் அழுத்திக்கொண்டு, அழுதார். வலித்ததா என்று தாதி கேட்டாள். ஆமாம், வலிக்குது என்றார்.

நான் கிளம்ப எழுந்தேன். அக்கா என்னைப் பார்க்காமலே கேட்டார்.

"வேற யார் யாருக்குப் பாதி குடுத்திருக்க?"

அந்தக் கணம் வரை எனக்கு அது தோன்றவே இல்லை. லாரி முதலாளியின் டிரைவர். ஒரு கோயில் வாசலில் பூ விற்ற அம்மா. விடுதியில் கீழ்க்கட்டிலில் படுத்தவன். செபராங் ஜெயாவில் நான் காவல் வேலை செய்தபோது என்னோடு முறை மாறிய அண்ணன். அவருக்குக் கொடுத்தது குடும்பத்தைத் துறப்பது பற்றிய புத்தகம். மூன்று பிள்ளைகள். வாங்கிப் புரட்டிவிட்டு, "நல்லாத்தான் சொல்றான் தம்பி" என்று சிரித்தார்.

"போ," என்றார் அக்கா. "இங்க நின்னு என்ன செய்யப் போற?"

செபராங் ஜெயாவுக்கு எந்த பஸ் என்று மகள்தான் சொன்னாள்.