டாக்டர் அனுசூயாவின் அவியல்

டாக்டர் அனுசூயா சமைப்பார் என்பது மாண்ட்ரியல் தமிழர்களுக்குத் தெரியும். நன்றாகச் சமைப்பார் என்று யாரும் சொன்னதில்லை, குறை சொன்னதும் இல்லை. அந்த நாளில் ஊரிலிருந்த தமிழ்க் குடும்பங்களை ஒரே கூடத்தில் பந்தி போட்டு உட்கார வைத்துவிடலாம். இருக்கிற நாலு பேரில் யாரை யார் பகைத்துக்கொள்வது?

சென்னையில் எம்.பி.பி.எஸ். முடித்து, பொதுச் சுகாதாரத்தில் டிப்ளமாவும் வாங்கியவர் அவர். கணவர் சந்திரமௌலி மாண்ட்ரியலை அடுத்த சென்ட்-ஆன்-டி-பெல்வ்யூவில் விவசாய மாணவர்களுக்கு மண்ணைப் பற்றிப் பாடம் எடுக்க வந்தபோது, 1968-ல் கூடவே வந்து இறங்கினார். இங்கே நீங்கள் டாக்டர் இல்லை என்று சொல்லிவிட்டார்கள். சரி என்று லாசால் புறநகரில் ஒரு சுகாதார நிலையத்தில், தடுப்பூசிக்கு அழுகிற குழந்தைகளைப் பிடித்துக்கொள்ளும் வேலையில் சேர்ந்தார். பிடித்துக்கொண்டே பரீட்சைகள் எழுதினார். பிரெஞ்சு படித்து அதற்கும் ஒரு பரீட்சை எழுதினார். அவர் பிடித்த குழந்தைகள் பள்ளிக்கூடம் போவதற்குள் மறுபடியும் டாக்டராகி, நிலையத்துக்குத் துணைத் தலைவராகவும் ஆகிவிட்டார்.

தலைவர் லூப்பே, பசிபிக் கடலில் இருக்கும் சமோவாத் தீவுக்காரர். நியூசிலாந்தில் நர்ஸ் படிப்பு முடித்து, கியூபெக் கப்பல் எஞ்சினியர் ஒருவரைக் கல்யாணம் செய்துகொண்டு பனிக்குள் வந்து விழுந்தவர். கணவர் கடலிலேயே காலம் தள்ள, லூப்பே மாடி மாடியாக ஏறி, காசநோய்க்காரர்களைத் தேடிப் பிடித்து, மாத்திரையை விழுங்கும்வரை எதிரில் நின்று பார்ப்பார். அப்படி நின்று நின்றே தலைவர் பதவிக்கு வந்தார். “நர்சுக்குக் கீழே நம்ம டாக்டரா?” என்று தமிழ்க் குடும்பங்களுக்கு ஒரே ஆற்றாமை. அனுசூயாவுக்கு அந்த வருத்தம் இல்லை. லூப்பே வசந்தத்தில் ஓய்வு பெறுவதாக இருந்தார். அடுத்த தலைவராக அனுசூயாவின் பெயரை நிர்வாகக் குழுவிடம் சொல்லியும் வைத்திருந்தார். அந்த நாற்காலி அனுசூயாவுக்கு வேண்டும். வெளியே சொல்லிக்கொள்ளவில்லையே தவிர, ரொம்பவே வேண்டும்.

1975 பொங்கல் விருந்து லாசாலில் ஒரு தேவாலயத்தின் கீழ்த்தளத்தில் நடந்தது. வீட்டுக்கு ஒரு பதார்த்தம் என்று ஏற்பாடு. எஞ்சினியர் நாகசுப்பிரமணியனின் மனைவி அலமு பால் பாயசம் கொண்டுவந்தார். அனுசூயா கொண்டுவந்தது அவியல். முருங்கைக்காய் கிடைக்காததால் செலரி போட்டிருந்தார். வாழைக்காய்க்குப் பதில் டர்னிப்.

வாசலில் எல்லோரையும் வரவேற்றுவிட்டு அனுசூயா கடைசிப் பந்தியில் உட்கார்ந்தபோது அவியலும் தீர்ந்திருந்தது, பாயசமும் தீர்ந்திருந்தது. விருந்து முடிந்ததும் அலமு பாத்திரத்தைக் கழுவியே கொடுத்தார். “பத்தவே இல்ல டாக்டர். வழிச்சுச் சாப்பிட்டுட்டாங்க!”

அடுத்த வருஷம் இரண்டு மடங்கு செய்ய வேண்டும் என்று அனுசூயா காரில் சொன்னார். ரோடு வழுக்குகிறது என்றார் சந்திரமௌலி.

பொழுது சாய்வதற்குள் பாதிப் பேர் வாந்தி எடுத்தார்கள். உயிருக்கு ஆபத்தில்லை, ஆனால் இரண்டு பேரை ஆஸ்பத்திரியில் சேர்க்க வேண்டியதாயிற்று. அங்கிருந்து சுகாதார நிலையத்துக்குத் தகவல் வந்தது. அனுசூயா சமைத்தவர்களில் ஒருவர் என்பதால் விசாரணையை லூப்பே எடுத்துக்கொண்டார். வேலை எளிதுதான். யார் எதைச் சாப்பிட்டார்கள், யாருக்கு உடம்புக்கு வந்தது என்று எல்லோரையும் கேட்டு ஒப்பிட்டால் குற்றவாளி தானே வெளியே வரும்.

லூப்பே வீடு வீடாகப் போனார். நம்ம டாக்டரை அவருடைய மேலதிகாரி முன்னால் விட்டுக்கொடுக்கலாமா? வாந்தி எடுத்துப் படுத்திருந்தவர்கள்கூட எழுந்து உட்கார்ந்து, “டாக்டர் அவியலா? தேவாமிர்தம்! ரெண்டு தடவை வாங்கிக்கிட்டேன்” என்றார்கள். மூன்று தடவை என்றவர்களும் உண்டு. பால் பாயசம் சாப்பிட்டீர்களா என்றால், சர்க்கரை வியாதிக்கார ஆண்கள் காபியோடு நிற்கும் மனைவியை ஒரு பார்வை பார்த்துவிட்டு, தொடவே இல்லை என்றார்கள். பால் வாடையே ஆகாத பிள்ளைகளுக்கு ஒன்றும் ஆகவில்லை. அவியலை வாயில் வைக்கவில்லை என்று உள்ளதை உள்ளபடி பிரெஞ்சில் சொன்னவர்களும் அவர்கள் மட்டும்தான்.

லூப்பே கணக்கைப் போட்டு அனுசூயாவின் மேஜையில் வைத்தார். “நீயே பார்.”

அனுசூயா பார்த்தார். படுத்தவர்கள் எல்லோரும் அவியல் சாப்பிட்டிருந்தார்கள். படுக்காதவர்கள் தொடவில்லை. பாயசம் சாப்பிடாதவர்களுக்கும் வாந்தி. பரிசோதனைக்கு அனுப்ப அவியலில் ஒரு கரண்டிகூட மிச்சமில்லை.

“என் அவியல்தான். குழுவிடம் வியாழக்கிழமை நானே சொல்லிவிடுகிறேன்” என்றார் அனுசூயா. குரல் நடுங்கவில்லை. கணக்குத் தாளை மடித்துப் பைக்குள் வைத்துக்கொண்டார்.

அன்று சாப்பிடும்போது சந்திரமௌலியிடம் சொன்னார். நாற்காலி போயிற்று, பேரும் போயிற்று. சந்திரமௌலி ரசத்தைக் கலந்துகொண்டே இருந்தார்.

“அனு, உன் அவியலால யாருக்கும் ஒண்ணும் ஆகியிருக்காது.”

“கணக்கு அப்படித்தானே சொல்லுது?”

“யாரும் சாப்பிடலை.”

“எல்லாரும் ரெண்டு தடவைன்னு சொல்லியிருக்காங்க.”

“ஒருத்தரும் தொடலை. அலமு பின்பக்கம் கொண்டுபோய் பனியில கவுத்தாங்க. நான் பார்த்தேன்.”

“நீங்க?”

“எனக்கு அன்னிக்கு வயிறு சரியில்ல.”

அனுசூயாவுக்கு நிம்மதி வந்திருக்க வேண்டும். வந்தது அழுகை. இத்தனை வருஷமாக எத்தனை விருந்து, எத்தனை அவியல், எத்தனை கழுவின பாத்திரம்! நாற்காலி போவதைவிட இது அதிகமாக வலித்தது.

காலையில் அலமுவுக்குப் போன் செய்தார்.

“ஐயோ, யார் சொன்னா? உங்க மனசு நோகக் கூடாதுன்னுதான் டாக்டர்...”

“எந்தப் பக்கம் கொட்டினீங்க?”

ஜனவரி மாதம். விருந்துக்குப் பிறகு ஒரு நாளும் பனி உருகவில்லை. லூப்பேயும் அனுசூயாவும் மண்வாரியோடு போய், தேவாலயத்தின் பின்சுவர் ஓரமாகத் தோண்டினார்கள். அவியல் பாத்திரத்தின் வடிவத்திலேயே உறைந்து கிடந்தது. லூப்பே அதைத் தூக்கி, அனுசூயா கொண்டுவந்திருந்த பாத்திரத்துக்குள் வைத்துப் பார்த்தார். விளிம்புவரை கச்சிதமாகப் பொருந்தியது. ஒரு கரண்டி அளவுகூடக் குறையவில்லை.

“எங்கள் தீவிலும் விருந்துச் சாப்பாட்டைப் பற்றி யாரும் உண்மை சொல்லமாட்டார்கள். எனக்கு முன்னாலேயே தோன்றியிருக்க வேண்டும்” என்றார் லூப்பே.

பரிசோதனையில் அவியலில் ஒரு கோளாறும் இல்லை. பிறகு லூப்பே சர்க்கரை வியாதிக்காரர்களை அவரவர் ஆபீசில், மனைவி இல்லாத இடத்தில் பிடித்தார். எல்லோரும் பாயசம் குடித்திருந்தார்கள், நாகசுப்பிரமணியன் உட்பட. சமைத்த மற்றவர்கள் விருந்துக்கு முந்தின இரவு பாத்திரங்களைக் கராஜில் வைத்திருந்தார்கள். ஜனவரியில் அதைவிட நல்ல ஃபிரிட்ஜ் கிடையாது. அலமு மட்டும் பாயசம் உறைந்துவிடுமே என்று விடியும்வரை ஹீட்டர் பக்கத்தில் வைத்திருந்தார். பாயசம் அங்கே நன்றாகவே கெட்டது.

வியாழக்கிழமை அனுசூயா குழுவின் முன்னால் எல்லாவற்றையும் பிரெஞ்சில் விளக்கினார். தலைமை வகித்த பெரியவர் கண்ணாடியைக் கழற்றினார்.

“இத்தனை பேரில் ஒருவர்கூடவா சாப்பிடவில்லை, டாக்டர்?”

“ஒருவர்கூட இல்லை.”

“உங்கள் கணவர்?”

“அவரும் இல்லை.”

அதையும் எழுதிக்கொண்டார்கள். அதே கூட்டத்தில் அனுசூயாவைத் தலைவராக நியமித்தார்கள். லூப்பே கை கொடுத்தார், சிரிக்காமல் இருக்க மிகவும் பாடுபட்டார்.

வீட்டுக்குப் போகிற வழியில் அனுசூயா கடையில் நிறுத்தி, செலரியும் டர்னிப்பும் வாங்கினார். அன்று ராத்திரி அவியல்.

சந்திரமௌலி இரண்டு தடவை வாங்கிக்கொண்டார். புதிய தலைவர், விழுங்கும்வரை எதிரில் நின்று பார்த்துக்கொண்டிருந்தார்.