கேம்பில் நான் போட்ட பிளைவுட் அறை

எட்டாம் வகுப்பைத் தாண்டாதவன் நான். புனேயில், கோர்படிப் பக்கம் கையகல இடத்தில் எஸ்டிடி பூத் போட்டேன். நிற்காது என்றார்கள், நின்றது. ஆங்கிலம் தெரியாதவனுக்குக் கம்ப்யூட்டர் எதற்கு என்று சிரித்தார்கள். கேம்ப் கடைத்தெருவில் நெட் கடையே திறந்தேன். ஆனால் நான் கட்டியதிலேயே பெரியது ஒரு பிளைவுட் அறை. அதைத்தான் யாரும் பேசுவதில்லை.

புனேக்குப் படிக்க வந்த அரபு மாணவர்கள் என் கடைக்குத்தான் வருவார்கள். அவர்களுக்காகக் கீபோர்டில் அரபி எழுத்து ஸ்டிக்கர் ஒட்டி வைத்தவன் நான். அதில் ஏமன்காரப் பையன் ஒருவன் என்னைச் சித்தப்பா முறை வைத்து "சாச்சா" என்பான். ஊருக்குப் போய் மூன்று வருஷம் ஆகியிருந்தது. அம்மாவுக்கு ஆபரேஷன் என்று தகவல் வந்ததும், அதற்கு முன் முகத்தைப் பார்த்துவிட வேண்டும் என்று தவித்தான். அங்கே அவன் அக்கா வீட்டில் இன்டர்நெட்டும் கேமராவும் இருந்தன. இங்கே நான் கேமரா வாங்கி மாட்டினேன்.

படம் வந்தது. கறுப்புத் துணிக்குள் இரண்டு கண்கள் மட்டும். முகத்தைக் காட்டச் சொல்லி அவன் கெஞ்சினான். அந்த அம்மா ஏதோ கேட்டார்.

"சாச்சா, பின்னாடி நிக்கிற மீசைக்காரர் யாருன்னு கேக்கிறாங்க" என்றான் இந்தியில்.

படம் சரியாக வருகிறதா என்று பார்த்துக்கொண்டிருந்த நான்தான். எனக்குப் பின்னால் கம்ப்யூட்டருக்குக் காத்திருந்த ஆட்கள் வேறு. கடைசிவரை அவர் துணியை விலக்கவில்லை.

வீட்டில் சொன்னேன். "ஏங்க, கடையில இருந்த அத்தனை ஆம்பளையும் அந்தம்மா வீட்டுக்குள்ள நின்ன மாதிரி ஆச்சே! எப்படி முகம் காட்டுவாங்க?" என்றாள் என் மனைவி.

மறுநாளே ஒரு மூலையில் பிளைவுட் அடித்தேன். உட்காருபவன் முதுகுக்குப் பின்னால் சுவர் மட்டும் தெரிகிற மாதிரி கம்ப்யூட்டரைத் திருப்பினேன். வாசலுக்கு மனைவியின் பழைய புடவை. "க்யா அண்ணா, துணிக்கடை ட்ரையல் ரூமா?" என்று பக்கத்துக் கடைக்காரர் கேலி செய்தார். செய்யட்டும்.

பையன் உள்ளே போனான். நான் தெருவில் ஸ்டூல் போட்டு உட்கார்ந்தேன். உள்ளேயிருந்து சிரிப்பு, அழுகை, மறுபடி சிரிப்பு. வெளியே வந்து என் கையைப் பிடித்துக்கொண்டான்.

"சாச்சா, அம்மாவுக்கு முடி நரைச்சிருக்கு."

ஆபரேஷன் நல்லபடியாக முடிந்தது. படிப்பு முடித்துப் போனவன், தன் ஊரில் நெட் கடை வைத்தான். பெண்கள் தைரியமாக வந்து பேச, கேமராவில் சுவர் மட்டும் தெரிகிற அறைகள், திரைகள். யோசனை எங்கே கிடைத்தது என்று கேட்டால், "இந்தியாவில் பார்த்தேன்" என்கிறானாம்.

இந்தியா பெரிய தேசம், தம்பி. நீ பார்த்தது கேம்பில், என் கடையில். உன் கடைப் பலகையில் என் பெயரை எழுது. திரை என் சம்சாரத்துடையது என்று அதற்குக் கீழே எழுது.