அண்ணன் மூச்சு விடும் காட்சி

என் அண்ணன் சினிமாவில் பிணமாக நடிப்பவர். இதைச் சொன்னால் கேட்கிறவர்கள் முதலில் சிரிப்பார்கள், பிறகு என் முகத்தைப் பார்த்துவிட்டு நிறுத்திக்கொள்வார்கள். சிரித்தால் தப்பில்லை. அவரே சிரித்துக்கொண்டுதான் சொல்வார்.

சம்பளம் வாங்கிய வேலை வேன் ஓட்டுவது. படப்பிடிப்புக் குழுவின் விளக்குகள், ஸ்டாண்டுகள், கேபிள் சுருள்கள் எல்லாவற்றையும் விடிவதற்குள் கொண்டுபோய் இறக்க வேண்டும், படப்பிடிப்பு முடிந்து பேக்கப் ஆனதும் ஏற்றிக்கொண்டு வர வேண்டும். நடுவில் பகல் முழுக்கச் சும்மா. அந்தச் சும்மாவில் அண்ணன் தூங்குவார். அப்படி ஒருநாள் வேன் நிழலில், வாய் லேசாகத் திறந்தபடி தூங்கிக்கொண்டிருந்தபோது, செட்டுக்குள் பிணமாகப் படுத்திருந்த ஆள் ஒவ்வொரு டேக்கிலும் தும்மியிருக்கிறார். கோபத்தில் வெளியே வந்த டைரக்டர் அண்ணனைப் பார்த்திருக்கிறார். மூக்கின் மேல் ஒரு ஈ உட்கார்ந்து, கன்னம் வழியாக நடந்து, காதோரம் போய்ப் பறந்ததாம். அண்ணன் அசையவில்லை.

"இந்தாளைப் போடுங்கப்பா" என்றாராம் டைரக்டர்.

எழுப்பி விஷயத்தைச் சொன்னதும் அண்ணன் ஒன்றே ஒன்றுதான் கேட்டார். "நடுவுல எழுப்புவீங்களா?"

அன்றிலிருந்து அவர் பெயர் கட்டை. வயதில் சின்னவர்களுக்குக் கட்டை அண்ணன். கத்திக்குத்து, விஷம், மாடியிலிருந்து விழுதல், ஆற்றில் மிதத்தல் என்று எல்லா வகையிலும் செத்திருக்கிறார். தூங்குவது வேறு, செத்துக் கிடப்பது வேறு என்று பிற்பாடு அவருக்குப் புரிந்தது. தூங்குகிறவனின் நெஞ்சு ஏறி இறங்கும், கேமரா அதைக் காட்டிக்கொடுத்துவிடும். அதனால் மூச்சை அடக்கப் பழகினார். "ஆக்‌ஷன்" என்ற சொல் கேட்பதற்கு முன்னால் பாதி மூச்சை வெளியே விட்டுவிட்டு, மீதியை அப்படியே நிறுத்திவிடுவார். முழுசாக இழுத்து அடக்கினால் கழுத்து நரம்பு புடைக்குமாம். கண் திறந்த பிணம் என்றால் எதையும் பார்க்காமல் பார்க்க வேண்டுமாம். வீட்டில் நாற்காலியில் உட்கார்ந்தபடி இதைச் செய்து காட்டுவார். அவர் மகள் சின்ன வயதில் உள்ளங்காலில் கிச்சுகிச்சு மூட்டி அவரை உயிர்ப்பிப்பாள்.

அண்ணிக்கு இதெல்லாம் அறவே பிடிக்காது. சலவைக் கடையில் நாள் முழுக்க நின்று இஸ்திரி போட்டுவிட்டு வருகிறவள், வந்ததும் இவர் நாற்காலியில் விறைத்துக் கிடந்தால் ஈரத் துண்டை முகத்தில் வீசுவாள். அவர் நடித்த படம் ஒன்றைக்கூட அவள் பார்த்ததில்லை.

"முழுசா உயிரோட இருக்கிற மனுசனைப் பொணமாப் பார்க்கணும்னு எனக்கென்ன தலையெழுத்தா?" என்பாள்.

"ஒரு தடவை பாரேன். எவ்வளவு நல்லா செத்திருக்கேன் தெரியுமா?"

"வாயைத் திறந்து பேசுற மாதிரி ஒரு படம் பண்ணுங்க. முதல் வரிசையில உக்காந்து பார்க்கிறேன்."

விளையாட்டுப் பேச்சுதான். ஆனால் அண்ணன் அதை மனதில் போட்டுவைத்திருந்தார் என்பது அந்த மலையாளப் படம் வந்தபோதுதான் எங்களுக்குத் தெரிந்தது.

மர்மக் கதை. மலைச் சாலையில் மழை பிடித்துக்கொள்ள, ஒருவரையொருவர் அறியாத சிலர் ஒரு தனி வீட்டில் ஒதுங்குகிறார்கள். கார் பழுதான கணவன் மனைவி, மருந்துக் கம்பெனிக்காரர் ஒருவர், பஸ்ஸைத் தவறவிட்ட ஒரு டீச்சர். அவர்களோடு, அந்த வீட்டு ஃபிரிட்ஜை ரிப்பேர் பார்க்க வந்து மாட்டிக்கொண்ட மெக்கானிக். முதலில் சாவது மெக்கானிக். அதனால் அண்ணனைக் கூப்பிட்டார்கள். ஆனால் சாவதற்கு முன்னால் அவருக்கு இரண்டு காட்சி இருந்தது. இரண்டிலும் பேச்சு.

வீடு அல்லோலகல்லோலப்பட்டது. கண்ணாடி முன்னால், குளியலறையில், வேன் ஓட்டும்போது என்று எந்நேரமும் மலையாளம்தான். "மழ தோர்ந்நால் ஞான் பொய்க்கோளாம்." மழை விட்டதும் நான் போய்விடுகிறேன் என்று அர்த்தம். இன்னொன்று, "கொறச்சு வெள்ளம் தருமோ?"

"வெளியில மழை கொட்டுதாம். உள்ள வந்து வெள்ளம் கேக்குறீங்களா?" என்றாள் அண்ணி, தோசைக்கல்லில் இருந்து தலையைத் திருப்பாமலே.

"குடிக்கத் தண்ணி கேக்குறேன்டி."

"அதைத் தமிழ்லயே கேட்டிருந்தா எப்பவோ குடுத்திருப்பாங்க."

"பார்க்க வருவியா மாட்டியா? அதைச் சொல்லு."

அண்ணி தட்டில் வைத்ததை அவர் முன்னால் நகர்த்தினாள். "பேசுறீங்கல்ல. வராம?" என்றாள். அண்ணன் என்னைப் பார்த்துப் புருவத்தை உயர்த்தினார். பந்தயத்தில் கோப்பை வாங்கிய பிள்ளை மாதிரி இருந்தது அந்த முகம்.

மெக்கானிக் வேஷத்துக்கு அண்ணனுடைய சொந்த நீலச் சட்டையையே போடச் சொல்லியிருந்தார்கள். அண்ணி அதைக் கடைக்கே எடுத்துப் போய், காலர் நிற்கும்படி இஸ்திரி போட்டுக் கொடுத்தாள். உடை பார்க்கிறவர் அதை வாங்கி, பந்து மாதிரி கசக்கி, கிரீஸ் தடவி மாட்டிவிட்டாராம். "உன் வேலைக்கு மரியாதையே இல்லம்மா" என்று வந்து சொன்னார் அண்ணன். படம் வரட்டும், அந்த ஆளைப் பார்த்துக்கொள்கிறேன் என்றாள் அவள்.

படம் வருவதற்கு முன்னால் அண்ணன் போய்விட்டார்.

அது வேறு ஒரு படப்பிடிப்பு. சாமான்களை இறக்கிவிட்டு, வேனின் முன்சீட்டில் சாய்ந்திருக்கிறார். கண்ணாடி வழியாக அவரை எல்லோரும் பார்த்திருக்கிறார்கள். டீ கொண்டு வந்தவர் பார்த்திருக்கிறார். லைட்மேன்கள் அந்த வேனை ஒட்டியே உட்கார்ந்து சாப்பிட்டிருக்கிறார்கள். "கட்டை நல்ல தூக்கம், சத்தம் போடாதீங்கடா" என்று ஒருவர் சொன்னாராம். அவரை எழுப்பினால் அவருக்குப் பிடிக்காது என்பது அந்தக் குழுவில் எல்லோருக்கும் தெரியும். அது மரியாதை. அவர்கள் அவருக்குச் செய்துவந்த ஒரே மரியாதை. சாயங்காலம் சாமான் ஏற்ற வேண்டிய நேரத்தில்தான், மலையாளப் படத்திலும் வேலை பார்த்த அசோசியேட் டைரக்டர் தம்பி கதவைத் திறந்திருக்கிறார். "அண்ணே, நடிச்சது போதும், எந்திரிங்க" என்று தோளைத் தொட்டிருக்கிறார்.

ஆஸ்பத்திரி வராந்தாவில் அந்தத் தம்பி இதை எங்களிடம் சொல்லும்போது அவருக்குப் பற்கள் அடித்துக்கொண்டன. அண்ணி அழவில்லை. "எத்தனை பேர் பார்த்தீங்க?" என்று மட்டும் கேட்டாள். மதியத்துக்கு முன்பே போயிருக்கும் என்றார் டாக்டர். இதயம்.

மாதங்கள் போயின. ஒருநாள் அண்ணி சலவைக் கடையிலிருந்து நேராக என் வீட்டுக்கு வந்தாள். கையில் பை, நெற்றியில் வியர்வை. "அந்தப் படம் வந்துடுச்சாம். வர்றியா?" என்றாள். "பேசினா வர்றேன்னு சொன்னேன்ல" என்று சேர்த்துக்கொண்டாள். மகள் வெளியூரில் நர்சிங் படிக்கிறாள், பரீட்சை நேரம். அதனால் நாங்கள் இருவர் மட்டும் மதியக் காட்சிக்குப் போனோம். முதல் வரிசையில்தான் டிக்கெட் கேட்டாள். கழுத்து வலிக்கும் என்று டிக்கெட் கொடுத்தவர் சொல்லியும் கேட்கவில்லை.

மழை பெய்தது. கார் நின்றது. கணவன் மனைவி வந்தார்கள், மருந்துக் கம்பெனிக்காரர் வந்தார், டீச்சர் வந்தாள். ஒவ்வொரு முறை கதவு தட்டப்படும்போதும் அண்ணி இருக்கையின் விளிம்புக்கு நகர்ந்தாள். "இப்ப வருவாரு" என்றாள். அவர்கள் சமைத்தார்கள், சண்டை போட்டார்கள், மின்சாரம் போனது. அண்ணன் வரவில்லை. டீச்சர் மெழுகுவத்தி தேடிப் பின்கட்டுக்குப் போய், சாமான் அறைக் கதவைத் திறந்தாள்.

தரையில் நீலச் சட்டை.

திரை முழுக்க அவர் முகம். பாதி திறந்த கண்கள். ஆஸ்பத்திரியில் வெள்ளைத் துணியை விலக்கிக் காட்டியபோது நாங்கள் பார்த்த அதே முகம், அறை அளவு பெரிதாக. அண்ணியின் கை என் முழங்கையைப் பிடித்தது. நகம் இறங்கியது. அண்ணன் பேசவே இல்லை. மழை விடும் வசனமும் இல்லை, வெள்ளம் கேட்கும் வசனமும் இல்லை. அவர் பேசிய இரண்டு காட்சியையும் எடுத்துவிட்டிருந்தார்கள்.

அதைவிட மோசமானது அடுத்து வந்தது. வீட்டிலுள்ள எல்லோரும் பிணத்தைச் சுற்றி நின்றார்கள். இது யார் என்று ஒருவரையொருவர் கேட்டார்கள். யாருக்கும் தெரியவில்லை. இந்த வீட்டுக்குள் இவர் எப்படி வந்தார், எங்கிருந்து வந்தார், பெயர் என்ன, எதுவும் தெரியவில்லை. முன்னால் பேசியிருந்தால்தானே தெரியும்? மெக்கானிக் என்றுகூட யாரும் சொல்லவில்லை. கூட வேலை பார்த்த நடிகர்கள், அவர் வேனில் வந்திறங்கிய நாற்காலிகளில் உட்கார்ந்தவர்கள், அவர் முகத்துக்கு நேராக டார்ச் அடித்து, இந்த ஆளை நான் பார்த்ததே இல்லை என்று சத்தியம் செய்தார்கள்.

"எந்திரி அண்ணி. போயிடலாம்" என்றேன்.

"இரு."

"வேண்டாம் அண்ணி."

"இருன்னு சொல்றேன்ல. பாரு."

மருந்துக் கம்பெனிக்காரர் குனிந்து அவர் சட்டைப் பையைத் தேடுகிற நெருக்கமான காட்சி. அண்ணியின் பார்வை அந்தப் பையில் இல்லை. அதற்குக் கீழே, இரண்டாவது பொத்தானில் இருந்தது. பொத்தான் மெல்ல மேலே வந்தது. இறங்கியது. மறுபடி மேலே வந்தது.

பின்வரிசையில் யாரோ முதலில் கவனித்துவிட்டார்கள். "டேய், பொணம் மூச்சு விடுதுடா." சிரிப்பு வரிசை வரிசையாகப் பரவியது. விசில் வந்தது. "ஆம்புலன்ஸைக் கூப்பிடுங்கப்பா" என்றார் ஒருவர். அந்தக் கூச்சலுக்கு நடுவே அண்ணி திரையை விட்டுக் கண்ணை எடுக்காமல், எனக்கு மட்டும் கேட்கும்படி சொன்னாள்.

"மூச்சு விடுறாரு. பார்த்தியா? மூச்சு விடுறாரு."

அவள் முகத்தில் இருந்ததை எனக்குச் சொல்லத் தெரியவில்லை. அவர் போனதற்குப் பிறகு நான் பார்க்காத ஒன்று.

மறுநாள் அசோசியேட் தம்பியே போன் பண்ணினார். போனை ஸ்பீக்கரில் போட்டோம். "அக்கா, மன்னிச்சிடுங்க. செத்தது யாருன்னே தெரியாம இருந்தாத்தான் மர்மம் நிக்கும்னு கடைசியில முடிவு பண்ணிட்டாங்க. அதான் அண்ணன் பேசினது போயிடுச்சு. கதை மாறினதுல புதுசா ஒரு குளோசப் தேவைப்பட்டுச்சு. அண்ணனைத் திரும்பக் கூப்பிட முடியாதுல்ல. ஆக்‌ஷன் சொல்றதுக்கு முந்தி, லைட் பார்க்கிறப்ப கேமரா ஓடியிருக்கு. அப்ப அவர் சும்மா படுத்திருந்தாரு. அதைத்தான், பையைத் தேடுற கையை மட்டும் சேர்த்துப் போட்டிருக்காங்க. அவர் மேல தப்பே இல்லக்கா. டேக்ல அவர் மூச்சு விட்டதே கிடையாது."

"தெரியும்" என்றாள் அண்ணி.

"எல்லாரும் செல்போன்ல எடுத்துப் போட்டுக் கிண்டல் பண்றாங்க. அண்ணனுக்கு அந்தக் கெட்ட பேர் வேணாம். கம்ப்யூட்டர்ல நிறுத்திடலாம்னு நானே சொல்லியிருக்கேன்."

"எதை நிறுத்துவீங்க?"

"அந்த மூச்சைக்கா."

அண்ணி போனைக் கையில் எடுத்து, ஸ்பீக்கரை அணைத்து, காதில் வைத்துக்கொண்டாள். "தம்பி, அதை நிறுத்தாதீங்க. சிரிக்கிறவங்க சிரிச்சிட்டுப் போகட்டும்" என்றாள். "எம்பொண்ணு இன்னும் பார்க்கல" என்றாள். அந்தப் பக்கம் அவர் ஏதோ நிறையச் சொன்னார். வைத்த பிறகு என்னிடம், "கேட்டுப் பார்க்கிறாராம்" என்றாள்.

பரீட்சை முடிந்து மகள் வந்த அன்றே மூவரும் போனோம். வழியெல்லாம் அண்ணி அவளுக்குச் சொல்லிக்கொண்டே வந்தாள். முகத்தைப் பார்க்காதே, பயமாக இருக்கும். ஒருத்தன் பையில் கை விடுவான். அப்போது சட்டையின் இரண்டாவது பொத்தானை மட்டும் பார். கண்ணைச் சிமிட்டாதே, சீக்கிரம் முடிந்துவிடும். மகள் எல்லாவற்றுக்கும் தலையாட்டினாள். ஆஸ்பத்திரி வார்டுகளில் நோயாளிகளின் மூச்சைக் கவனிக்கப் பழகியவள் அவள்.

மழை, கார், மெழுகுவத்தி. கதவு திறந்தது. நீலச் சட்டை. மகள் தன் தாயின் கையைப் பிடித்துக்கொண்டாள். மருந்துக் கம்பெனிக்காரர் குனிந்தார்.

அரங்கில் ஒருவரும் சிரிக்கவில்லை.

பொத்தான் இருந்த இடத்தில் இருந்தது. கல்லில் தைத்ததுபோல. பையைத் தேடுகிற கை மட்டும் அசைந்தது. காட்சி முடிந்து, அடுத்து டீச்சர் அழத் தொடங்கியிருந்தாள்.

மகள் சிமிட்டாத கண்களோடு திரையையே பார்த்துக்கொண்டிருந்தாள். பிறகு மெதுவாகத் தாயின் பக்கம் திரும்பினாள்.

"எங்கேம்மா? அப்பா மூச்சே விடலையே?"