மச்சான் தோட்டத்தின் மேல் ஒரு பேங்க் கேரண்டி

பேங்க்கிலிருந்து தோட்டத்தை அளக்க வந்தவர், டேப்பின் நுனியைப் பிடிக்க ஆள் தேடிச் சுற்றுமுற்றும் பார்த்தார். என் மச்சான் தலைத்துண்டை இடுப்பில் கட்டிக்கொண்டு போய்த் தானே பிடித்தார். தன் நிலத்துக்கு ஏல மதிப்புப் போட வந்தவரிடம், வரப்பு வளைகிற இடத்தில், "இன்னும் ரெண்டடி நம்முளுதுங்க, உட்டுட்டுப் போறீங்க" என்று திருத்தவும் செய்தார். நான் மோட்டார் ரூம் ஓரமாக நின்றேன். அறுபதடிச் சாரத்தில் செருப்பில்லாமல் நடந்த கால், அந்த வரப்பில் ஏற மறுத்தது.

நான் படித்தது ஐந்தாவது வரை. வாழப்பாடியில் கலவைச் சட்டி சுமந்து தொடங்கியவன். இன்று சேலத்திலிருந்து நாமக்கல் வரை போனால் நான் கட்டிய தண்ணீர்த் தொட்டி ஒன்றாவது கண்ணில் படாமல் போகாது. பெருமைக்குச் சொல்லவில்லை என்று சொல்ல மாட்டேன், பெருமைக்குத்தான் சொல்கிறேன். பள்ளிபாளையம் பக்கம் ஒரு கம்பெனி மில் கட்டிட வேலையைக் கொடுத்தபோது பேங்க் கேரண்டி கேட்டது. நான் வேலையைக் குறையாக விட்டால் கம்பெனிக்குப் பணம் தருகிறோம் என்று பேங்க் எழுதிக் கொடுக்கும் தாள். அதற்கு பேங்க் என்னிடம் ஈடு கேட்டது. என் வீடு அப்போது லாரிக் கடனில் இருந்தது. ராசிபுரத்துப் பக்கம் விவசாயம் பார்க்கும் மச்சான், என் மனைவியின் அண்ணன், மறுபேச்சில்லாமல் தோட்டத்துப் பத்திரத்தைப் பனியனுக்குள் செருகிக்கொண்டு பஸ் ஏறி சூரமங்கலம் கிளைக்கு வந்துவிட்டார். கையெழுத்துக்கு முன் ஒன்றே ஒன்று கேட்டார்.

"சண்ட வந்தா, யாரு பக்கம் ஞாயம்னு பேங்க்குல கேப்பாங்கல்லங்க மாப்பிள்ள?"

"கேக்காமக் குடுத்துருவாங்களா மச்சான்" என்றேன்.

கம்பெனி ஒரு கடிதம் கொடுத்தால் போதும், காரணம் கேட்காமல் பணம் போய்விடும் என்றுதான் தாளில் இருந்தது. நான் படிக்கவில்லை. யாரையாவது படிக்கச் சொல்லிக் கேட்க வெட்கம்.

அஸ்திவாரக் குழியில் பாறை வந்தது. கம்பெனி வரைபடத்தை மாற்றியது. புது வரைபடம் வரவே நாலு மாதம் ஆனது. அந்தத் தாமதத்தை என் தலையில் கட்டினார்கள். ஒப்பந்தப்படி நடுவர் ஒருவர் முன்னால் வழக்காடலாம் என்றார் வக்கீல். அதற்கு முன் கம்பெனி கேரண்டியைத் தொடாதபடி கோர்ட்டில் தடை கேட்போம், திங்கட்கிழமை மனு, அதுவரை யாரிடமும் வாயைத் திறக்காதீர்கள் என்றார். எங்கள் பக்கத்தில் ஒருவர் மேல் வழக்குப் போடுவதென்றால், நேரில் போய் முகத்தைப் பார்த்துச் சொல்லிவிட்டுத்தான் போடுவோம். சொல்லாமல் போட்டால் திருட்டுத்தனம் என்று பேர். வியாழக்கிழமை கம்பெனியின் புராஜெக்ட் மேனேஜர் முன்னால் போய் உட்கார்ந்தேன்.

"திங்கக்கெழம தடை வாங்கப் போறனுங்க. சொல்லாமப் போட்டான்னு நாளைக்கு ஒரு பேச்சு வரக்கூடாது பாருங்க" என்றேன்.

அவர் சிரித்தார். டீ வரவழைத்தார். நல்லதுங்க, சொன்னீங்களே என்றார். நானும் அந்த டீயைக் கடைசிச் சொட்டு வரை குடித்துவிட்டு வந்தேன். வெள்ளிக்கிழமை காலை கம்பெனியின் கடிதம் பேங்க்கில் இருந்தது. சாயங்காலத்துக்குள் பணம் போய்விட்டது. என் மகள் கல்யாணத்தில் பந்தியில் உட்கார்ந்து சாப்பிட்ட பேங்க் மேனேஜர், எங்கள் கையில் ஒன்றுமில்லை என்று போனை வைத்தார். கொடுத்த பணத்தை என்னிடம் கேட்டது பேங்க், என்னால் கட்ட முடியாமல் போகவே மச்சான் தோட்டத்தை ஏலத்துக்கு எடுத்தது.

அதற்கப்புறம் ரெண்டு வருஷம் நான் சரியாகச் சாப்பிட்டதில்லை. நடுவர் ஓய்வுபெற்ற நீதிபதி. சேலத்தில் ஒரு ஓட்டல் ஹாலில் விசாரணை. எல்லாம் இங்கிலீஷ். நான் ஒவ்வொருவர் முகத்தையும் பார்த்துப் பார்த்து, தோட்டம் போகிறதா நிற்கிறதா என்று தேடிக்கொண்டிருப்பேன். மச்சான் தவறாமல் வந்து வெளி வராந்தாவில் உட்கார்ந்திருப்பார். எதுவும் கேட்க மாட்டார். அவர் கேட்காததுதான் எனக்குப் பயம். மோட்டார் ரூம் கதவில் பேங்க் ஒட்டிவிட்டுப் போன நோட்டீஸ் கிழிந்தால் அதற்கும் கேஸ் வருமோ என்று, கதவைப் பாதி மட்டும் திறந்து ஒருக்களித்து நுழைவார். ஒரு நாள் பஸ் ஸ்டாண்டில் நானே தாங்காமல் அந்த வியாழக்கிழமைச் சங்கதியைச் சொல்லி, என்னைத் திட்டுங்கள், வையுங்கள் என்றேன்.

"எதுக்குங்க வையறது? நானா இருந்தாலும் போயிச் சொல்லிப்போட்டுத்தான் வந்திருப்பேன்" என்றார்.

அடித்திருந்தால் கூடத் தாங்கியிருப்பேன்.

ஏலத்துக்குப் பதினோரு நாள் இருக்கும்போது தீர்ப்பு வந்தது. பாறைக்கும் வரைபடத்துக்கும் கம்பெனிதான் பொறுப்பு என்று எழுதியிருந்தார் நடுவர். அதைக் காட்டி ஏலத்தை நிறுத்தி வைத்தோம். கம்பெனி மேல்கோர்ட்டுக்குப் போகாமல் பணத்தைத் திருப்பியது. அதில் பேங்க் பாக்கியைக் கட்டினேன், பத்திரம் மச்சான் கைக்குப் போனது. என் பயம் மட்டும் எங்கேயும் போகவில்லை.

இப்போது ஒரு பாலத்து வேலை எடுத்திருக்கிறேன். கேரண்டிக்கு, லாரிக் கடன் தீர்ந்து வந்த என் வீட்டையே ஈடாக வைத்தேன். போன வாரம் மச்சான் வந்தார்.

"புதுசா வேல எடுத்துருக்கறீங்களாமா? பேங்க்குல ஈடு கேப்பாங்களே. பத்திரம் ஊட்டுல சும்மாதானுங்க கெடக்குது."

எதிராளியிடம் போய் உண்மையைச் சொன்ன நான், இவர் முகத்தைப் பார்த்து, "யாரோ சும்மா சொல்லியிருக்காங்க மச்சான். எனக்கு இப்ப யாருங்க வேல குடுக்கறாங்க?" என்றேன்.

"வயசாயிருச்சுங்க மாப்பிள்ள உங்களுக்கு" என்று இரக்கப்பட்டார் மச்சான்.

ஆமாங்க என்றேன்.